தறியில் சுழலும் காலம் – 7: மிச்சப் பாவு

சென்ற வாரம் பாபநாசத்தில் நிறுத்தியிருந்தேன். ஹார்வி சகோதரர்கள் 1880-களில் தாமிரபரணியின் வேகத்தைப் பிடித்து, விக்கிரமசிங்கபுரத்தில் நூற்பாலையை ஓடவிட்டதைப் பார்த்தோம். அதற்கும் முந்தைய வாரங்களில் தென்காசிக் கோபுரத்தடியில் நின்று பராக்கிரம பாண்டியனின் கல்வெட்டைப் படித்தோம். என்றாவது ஒருநாள் இந்தக் கோயில் பழுதுபடும், அன்று அதைச் செப்பனிட வருகிறவர் காலில் இப்போதே விழுந்து வணங்குகிறேன் என்று 15-ஆம் நூற்றாண்டில் ஒரு மன்னன் பொறித்து வைத்தான். அவன் அஞ்சியபடியே கோபுரம் பிளந்தது. நூறாண்டுக்கும் மேல் மொட்டைக் கோபுரமாகவே நின்றது. சிவந்தி ஆதித்தனார் முன்னின்று, ஒன்பது நிலையும் மறுபடி எழுந்து, 1990-ல் குடமுழுக்கு நடந்த அன்றுதான் அந்த வணக்கம் போய்ச் சேர வேண்டியவர்களிடம் போய்ச் சேர்ந்தது.

காலம் இப்படி வளைந்து, முன்னதும் பின்னதும் ஒன்றையொன்று தொட்டுக்கொள்ளும் இடங்களைத்தான் இந்தத் தொடரில் தேடி வருகிறோம். கல்லில் ஒன்றைப் பார்த்தாயிற்று. நூலில் இன்னொன்று இருக்கிறது. கடையநல்லூர், தென்காசி நெசவாளர்கள் கப்பலேறிய கதையை அதிலிருந்துதான் தொடங்க வேண்டும்.

* * *

காலத்தைத் திருப்பி நெய்யும் மந்திரத் தறி கதைகளில் வரும். கிரேக்கர்களின் ஒடிசியில் பெனலோப்பி பகலில் நெய்ததை இரவில் பிரித்தாள். அவளை மணக்க வாசலில் காத்திருந்தவர்களுக்கு மூன்றாண்டுகள் நாளை என்ற நாளே வரவில்லை.

நான் சொல்லப்போகும் வித்தைக்கு மந்திரம் வேண்டாம். குழித்தறி இருந்த வீடுகள் எல்லாம் அதைச் செய்தன. பாவு பிணைத்தல் என்று பெயர்.

ஒரு பாவு, அதாவது தறியில் நீளவாக்கில் ஓடும் நூல், நெய்து முடியப் போகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். துணியை அறுத்து எடுக்க வேண்டும். ஆனால் நெசவாளர் தறியிலுள்ள நூலை முழுக்க உருவ மாட்டார். இழைகளை மேலும் கீழும் பிரிக்கும் விழுதுக்குள்ளும், அவற்றை வரிசையாக நிறுத்தும் சீப்புப் போன்ற அச்சுக்குள்ளும் நுழைந்திருக்கிற கொஞ்சம் நூலை அப்படியே விட்டுவிட்டுத்தான் அறுப்பார். அதுதான் மிச்சப் பாவு. அடுத்து வரும் புதுப் பாவின் ஒவ்வோர் இழையையும் இந்த மிச்சத்தின் ஒவ்வோர் இழையோடும் பிணைக்க வேண்டும். 46 அங்குல அகலத் துணி, அங்குலத்துக்கு 60 இழை என்றால் மொத்தம் 2760 பிணைப்பு. ஒன்றுகூட விடுபடக் கூடாது. ஒன்றுகூட இடம் மாறக் கூடாது.

முடிச்சு என்று சொன்னால் முழுக்கச் சரியாகாது. முடிச்சு பருத்தால் அச்சின் பல்லில் மாட்டும். விரல் நுனியில் சாம்பலைத் தொட்டுக்கொண்டு, இரண்டு நுனியையும் சேர்த்து ஒரு முறுக்கு, ஒரு மடக்கு. அவ்வளவுதான். கண் பார்ப்பதற்குள் கை அடுத்த இழைக்குப் போய்விடும்.

எதற்கு இவ்வளவு பாடு? எந்த இழை எந்த விழுதுக் கண்ணில் நுழைகிறது, எந்தப் பல்லிடுக்கில் வெளியே வருகிறது என்ற வரிசையில்தான் துணியே இருக்கிறது. அதை முதலிலிருந்து கோர்ப்பது கடுமையான வேலை. ஓர் இழை தப்பினால் துணியின் முழு நீளத்துக்கும் கீறல்போல ஓடும். மிச்சப் பாவு இருந்தால் கவலையில்லை. வரிசையைப் பழைய இழை புதிய இழைக்குக் காட்டிக்கொடுத்துவிடும். மெல்ல இழுத்தால் பிணைப்புகள் விழுதைத் தாண்டி, அச்சைத் தாண்டி முன்னால் வந்துவிடும். அதன் பிறகு பழைய நூலை அறுத்து எறிந்துவிடலாம். நூல் போய்விடுகிறது, வரிசை தறியிலேயே தங்கிவிடுகிறது.

தென்காசிப் பக்கத்து ஊர் ஒன்றில், நடுவயது தாண்டிய ஒருவர் பிணைத்துக்கொண்டிருந்ததை ஒரு முற்பகல் முழுக்க உட்கார்ந்து பார்த்தேன். வரிசை யார் கோர்த்தது அண்ணாச்சி என்று கேட்டேன். கையை நிறுத்தாமல் சொன்னார்: "எங்கப்பா இருக்கும்போது கோத்தது. அவுக போயி நாலு வருஷமாச்சு. நான் பிணைக்கத்தான் செய்யுதேன்."

நான்கு ஆண்டுகளில் எத்தனை பாவு அந்தத் தறிக்குள் வந்து போயிருக்கும்! தகப்பனார் தொட்ட நூல் ஒரு முழம்கூட அங்கே கிடையாது. அவருடைய விரல்கள் வைத்த ஒழுங்கு மட்டும் அன்றைக்கும் நெய்துகொண்டிருந்தது. அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

உலகத்தின் இன்னொரு மூலையில் இதே நினைவை அட்டைக்கு மாற்றினார்கள். பிரான்சின் லியோன் நகரில், 19-ஆம் நூற்றாண்டின் தொடக்க ஆண்டுகளில், ஜக்கார்ட் என்பவர் ஓட்டை போட்ட அட்டைகளைக் கோர்த்துத் தறியின் மேல் தொங்கவிட்டார். கடைசி அட்டையை முதல் அட்டையோடு சேர்த்துக் கட்டிவிட்டால் அது வளையம். பூவேலை முடிகிற இடத்தில் தானாகவே மறுபடி தொடங்கும். அந்த அட்டையைத்தான் சார்லஸ் பாபேஜ் தன் கணிப்பொறிக்கு எடுத்துக்கொண்டார். ஒரே அட்டைக் கூட்டத்தைப் பின்னுக்குத் திருப்பி மறுபடி மறுபடி ஓடவிடலாம் என்பதை ஏடா லவ்லேஸ் 1843-ல் எழுதிய குறிப்புகளில் விளக்கினார். நம் பிள்ளைகள் கம்ப்யூட்டர் வகுப்பில் படிக்கும் 'லூப்' பிறந்த வீடு தறிக்கூடம். ஜக்கார்ட் பெட்டி வருவதற்கு முன் காஞ்சிபுரத்தில் 'அடை' என்று ஒன்று கட்டினார்கள். அங்கே பூவேலையின் நினைவைச் சுமந்தது அட்டையல்ல, நூல்தான்.

கடையநல்லூருக்கு வருவோம்.

* * *

குற்றாலத்துச் சாரல் மற்றவர்களுக்குச் சுகம். நெசவாளருக்கு அது வரமும் சோதனையும்.

ஆனி பிறந்ததும் செங்கோட்டைக் கணவாய் வழியே ஈரக்காற்று இறங்கும். பருத்தி நூலுக்கு ஈரம் பிடிக்கும். ஈரக்காற்றில் நூல் உறுதியாக இருக்கும், பட்டுப்பட்டென்று அறாது. நெசவாளர் தரையைத் தோண்டிக் குழிக்குள் காலைத் தொங்கவிட்டு உட்கார்வதற்கும் இதில் பங்கு உண்டு. மண்ணின் குளிர்ச்சி பாவைத் தொட்டுக்கொண்டே இருக்க வேண்டும்.

ஆனால் பாவு தறிக்குள் போவதற்கு முன் தெருவுக்கு வந்தாக வேண்டும். விடிவதற்கு முன்பே பாவடியில் நீளமாக இழுத்துக் கட்டி, கஞ்சி தோய்த்து, பிரஷ்ஷால் வாரி, இழையோடு இழை ஒட்டாமல் காய வைக்க வேண்டும். அக்கம்பக்கத்து வீடுகள் எல்லாம் கை கொடுத்தால்தான் ஆகும் வேலை. அந்த நேரத்தில் மலையிலிருந்து ஒரு தூறல் இறங்கினால் கஞ்சி கரைந்து போய்விடும், அன்றைய உழைப்பும் போய்விடும். தென்காசி வட்டாரத்துக்குத் தென்மேற்குச் சாரல் ஒன்று, ஐப்பசி கார்த்திகை அடைமழை இன்னொன்று. தறி ஓட ஏற்ற காற்று வீசும் மாதங்களில்தான் பாவு காயாது.

அதனால் நெசவாளர் வீட்டில் ஆண்டுக்குச் சில மாதம் பட்டினி அல்லது கடன். மழை மாதத்தில் நூல் வியாபாரியிடம் வாங்கிய பணத்தை வெயில் மாதத்தில் துணியாகக் கழிப்பார்கள். கழித்து முடிப்பதற்குள் அடுத்த சாரல் வந்துவிடும். இதுவும் ஒரு வளையம்தான். எவரும் விரும்பி நெய்த வளையமல்ல.

* * *

வெள்ளைக்காரன் துணி வந்தது, நம் தறி செத்தது என்று ஒரே வரியில் முடித்துவிடும் வழக்கம் நம்மிடம் இருக்கிறது. எனக்கு அது போதவில்லை. சென்னை மாகாணத்தில் கைத்தறி அடியோடு அழியவில்லை. 20-ஆம் நூற்றாண்டுக்குள்ளும் லட்சக்கணக்கானவர்களுக்கு அதுவே சோறு போட்டது. முதலில் செத்தது ராட்டை.

ஊர்ப் பெண்கள் நூற்ற நூலை வாங்கி நெய்த வரைக்கும் நெசவாளரும் நூற்பவரும் ஒரே சந்தையில் முகம் பார்த்துப் பேசினார்கள். ஆலை நூல் வந்தபின் அது மாறியது. ஆலை நூல் சீராக இருந்தது, மலிவாகவும் இருந்தது, நெய்கிறவர் வேண்டாம் என்று சொல்லக் காரணமே இல்லை. பாபநாசத்து அருவி நூற்கத் தொடங்கிய பிறகு நூல் வர வேண்டிய தூரமும் குறைந்தது. ஆனால் இப்போது நூலின் விலை அவர் கையிலும் இல்லை, அவர் ஊர்ச் சந்தையிலும் இல்லை. பம்பாயில் பஞ்சு ஏறினால் கடையநல்லூரில் அடுப்பு இறங்கும். கையில் பணமில்லாதவர் வியாபாரியிடம் நூலை வாங்கி, நெய்த துணியை அவரிடமே கொடுத்து, கூலியை வாங்கிக்கொண்டார். சொந்தமாக நெய்தவர் சொந்த வீட்டிலேயே கூலிக்காரரானது அந்தத் தலைமுறையில்தான்.

சாயத்திலும் இதே கதை. சாயவேரைத் தோண்டி, ஊற வைத்து, நாள் கணக்கில் தோய்த்து எடுத்த சிவப்பை 1869-க்குப் பிறகு ரசாயனக்கூடத்தில் செய்ய ஆரம்பித்தார்கள். ஜெர்மன் சாயப் பொடி டப்பாவில் வந்தது. சாயவேர் பக்குவம் தெரிந்தவர்கள் ஒவ்வொருவராக மறைந்தார்கள். எவரும் அதற்காக அழவில்லை, டப்பாதான் கிடைக்கிறதே.

1914-ல் போர் மூண்டது. ஜெர்மன் சாயம் வரவில்லை.

இந்த இடத்தில் ஒரு நிமிடம் நில்லுங்கள். பெல்ஜியத்தின் வயல்களில் குண்டு விழுகிறது. அதனால் குற்றாலத்து மலையடிவாரத்தில் ஒரு நெசவாளருக்குச் சிவப்பு கிடைக்கவில்லை. இருந்த கொஞ்சச் சாயத்துக்கு விலை எங்கோ போய்விட்டது. பழைய சாயவேருக்குத் திரும்பலாம் என்றால், அந்தப் பக்குவம் அறுந்து ஒரு தலைமுறை ஆகிவிட்டது. பிணைக்க மிச்சப் பாவு இல்லை. போர் முடியும் ஆண்டில், 1918-ல், நூலும் துணியும் அரிசியும் சேர்ந்து ஏறின. மாகாணத்தில் பல ஊர்களில் சந்தைகள் சூறையாடப்பட்டன.

தாது வருஷப் பஞ்சத்தைக் கண்ட பாட்டிகள் அப்போது பலர் உயிரோடிருந்தார்கள். மறுபடியும் அதுவா என்று அவர்கள் நினைத்திருப்பார்கள்.

* * *

புறப்பாடு போருக்கு முன்பே தொடங்கிவிட்டது. 19-ஆம் நூற்றாண்டு முடியும் காலத்திலேயே கடையநல்லூர், தென்காசி முஸ்லிம் நெசவாளர் குடும்பங்களில் சிலர் பினாங்குக்கும் சிங்கப்பூருக்கும் போய்விட்டார்கள். போனவர்களைப் பார்த்து மற்றவர்கள் போனார்கள்.

அவர்களுக்கு முன்னால் துணி போயிருந்தது. மலாய்க்காரர்கள் இன்றைக்கும் கட்டம் போட்ட கைலியை 'பெலிக்காட்' என்பார்கள். நம் பழவேற்காட்டின் பெயர் அது. சோழமண்டலக் கரையில் நெய்த துணி நூற்றாண்டுகளாக அந்தக் கடலைக் கடந்திருக்கிறது. இப்போது நெய்தவரே கடக்கிறார்.

வழியும் திறந்தது. 1903-ல் திருநெல்வேலியிலிருந்து செங்கோட்டைவரை ரயில் வந்தது. அடுத்த ஆண்டே மலையைக் குடைந்து கொல்லத்தைத் தொட்டது. விருதுநகரிலிருந்து தென்காசிக்கு வரும் தடம் 1927-ல்தான் கடையநல்லூரைத் தொட்டது. அதுவரை கடையநல்லூர்க்காரர்கள் வண்டி கட்டிப் போய்த்தான் ரயிலேற வேண்டியிருந்தது. நாகப்பட்டினம் போய்ச் சேர்ந்தால் கப்பல். 1926-ல் ஓடத் தொடங்கிய ரஜுலா கப்பலின் பெயர் பழைய சிங்கப்பூர்க் குடும்பங்களில் இன்றைக்கும் ஓர் உறவுக்காரர் பெயரைப்போலப் புழங்கும்.

இனி வருவதுதான் இந்தக் கதையில் என்னை நெடுநாள் பிடித்து வைத்த இடம்.

தமிழகத்திலிருந்து மலாயாவுக்குப் போன முஸ்லிம் வணிகர்கள் பெரும்பாலும் தனியாகத்தான் போனார்கள். மனைவி மக்கள் ஊரில் இருந்தார்கள். சில ஆண்டுக்கு ஒருமுறை வந்து போவார்கள். கடையநல்லூர்க்காரர்கள் மட்டும் பெண்டு பிள்ளைகளோடு போனார்கள். சிங்கப்பூரின் பழைய தமிழ் முஸ்லிம் வரலாற்றில் இது தனித்துத் தெரியும் செய்தி.

ஏன்?

பல காரணம் சொல்லலாம். எனக்குத் தோன்றும் காரணம் தறியில் இருக்கிறது. வணிகரின் தொழில் தனியாள் தொழில். கடையைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு எங்கும் போகலாம். நெசவு தனியாள் தொழிலே இல்லை. மனைவி ராட்டினத்தில் ஊடை நூலைத் தாராகச் சுற்றாமல் கணவர் நாடாவை எறிய முடியாது. பிள்ளை நூல் எடுத்துக் கொடுக்கும். வயதானவர்கள் சிக்கெடுப்பார்கள். பாவு தோய்க்கத் தெருவே இறங்கும். வீடு என்பதும் தொழில் என்பதும் வேறுவேறல்ல. அப்படி வாழ்ந்த ஒருவருக்கு, மனைவியை விட்டுவிட்டுப் பிழைக்கப் போவது என்பது பாதித் தறியைத் தூக்கிக்கொண்டு போவதுபோல இருந்திருக்கும். இது என் ஊகம்தான். ஆனால் அவர்கள் அங்கே போய் என்ன செய்தார்கள் என்று பார்த்தால், ஊகம் வலுப்படுகிறது.

* * *

தஞ்சோங் பகார். சிங்கப்பூர்த் துறைமுகத்தை ஒட்டிய பகுதி. அங்கேதான் கடையநல்லூர்க் குடும்பங்கள் நெருக்கிக்கொண்டு வாழ்ந்தன.

தறி இல்லை. பாவடி இல்லை. சாரலும் இல்லை, அந்த ஊரில் ஆண்டு முழுக்க மழை. ஆண்கள் துறைமுகத்திலும் கடைகளிலும் கிடைத்த வேலையைப் பார்த்தார்கள். பெண்கள் அம்மியில் உட்கார்ந்தார்கள்.

மிளகாய், மல்லி, மஞ்சள், சீரகம். ஈரமாக அரைத்துச் சந்தைக்குப் போகும் மசாலா. மீனுக்கு ஒன்று, இறைச்சிக்கு ஒன்று. மலாய்க்காரரும் சீனரும் தமிழரும் வாங்கினார்கள். விடியும் முன் எழுந்து கல்லில் குனிந்த பெண்களின் கைகளில் மிளகாய் எரிச்சல் ஆறவே ஆறாது என்பதை நான் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை, ஒரு வேளை அரைத்துப் பார்த்தவர்களுக்கே தெரியும்.

வீட்டுக்குள் பெண் ஆயத்தம் செய்கிறாள், ஆண் அதை வெளியே கொண்டு போகிறான். விடிவதற்கு முன் வேலை தொடங்குகிறது. பக்கத்து வீடும் அதே வேலையில் இருக்கிறது. தார் சுற்றிய கை அம்மிக் குழவியைப் பிடித்திருக்கிறது. நூல் முழுக்க மாறிவிட்டது. வரிசை அப்படியே இருக்கிறது.

இன்னொரு வளையம் இதற்குள்ளே கிடக்கிறது. 1800-ஐ ஒட்டிய ஆண்டுகளில் கிழக்கிந்தியக் கம்பெனி குற்றாலத்தில் வாசனைப் பயிர்த் தோட்டம் போட்டது. ஜாதிக்காயும் கிராம்பும் வளர்த்துப் பார்த்தார்கள். அந்தப் பயிர்களின் தாயகம் மலாய்த் தீவுக்கூட்டத்தின் கிழக்குப் பகுதியில் இருக்கும் மொலுக்காஸ். இந்த மலையின் ஈரமும் நிழலும் அந்தத் தீவுகளைப்போலவே இருப்பதைக் கண்டுபிடித்துத்தான் கொண்டுவந்தார்கள். கிழக்குக் கடலின் வாசனைச் சரக்கு குற்றாலத்துக்கு வந்து நூறாண்டு ஆன பிறகு, குற்றாலத்தடிவாரத்துப் பெண்கள் கிழக்குக் கடலுக்குப் போய் வாசனைச் சரக்கு அரைக்கிறார்கள். கம்பெனிக்காரரும் இதைத் திட்டமிடவில்லை, அந்தப் பெண்களுக்கும் இது தெரிந்திருக்காது.

பிணைப்பு மசாலாவோடு நிற்கவில்லை. 1941-ல் சிங்கப்பூர் கடையநல்லூர் முஸ்லிம் லீக் உருவானது. தென்காசிக்காரர்களும் தமக்கென ஒரு நலச் சங்கம் வைத்துக்கொண்டார்கள். கடையநல்லூர் லீக் 1946-ல் ஒரு தமிழ்ப் பள்ளியைத் தொடங்கியது. அதற்கு எந்தப் பெயரை வைத்தார்கள் தெரியுமா? சீறாப்புராணம் பாடிய உமறுப் புலவரின் பெயரை. நபிகளின் வாழ்வைத் தமிழ்க் காப்பியமாக்கியவர். மார்க்கம், மொழி இரண்டையும் ஒரே இழையில் முறுக்கியவர் பெயரைத் தேர்ந்தெடுக்க அவர்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. 1960-ல் மேக்ஸ்வெல் சாலையில் அது உயர்நிலைப் பள்ளியானது. சிங்கப்பூரில் தமிழ் வழியில் உயர்நிலைக் கல்வி தந்த ஒரே பள்ளி அதுதான். 1982-ல் மூடப்படும்வரை எத்தனையோ ஆசிரியர்களையும் எழுத்தாளர்களையும் அந்த நகரத்துக்குத் தந்தது.

எழுத்தறிவு அதிகம் கிடைக்காத நெசவாளர் குடும்பங்களும், அம்மிக் கல்லில் தேய்ந்த கைகளும் சேர்த்த பணத்தில் எழுந்த பள்ளி. இதை எழுதும்போது எனக்குப் பெருமையாக இருக்கிறது. மறைக்க விரும்பவில்லை.

* * *

ஆனால் நான் காலத்தை முந்தி ஓடிவிட்டேன். 1946-க்கு வருவதற்கு முன் தாண்ட வேண்டிய ஆண்டுகள் இருக்கின்றன. திரும்பிப் போவோம்.

லீக் உருவான அதே 1941. அதற்குள் கடையநல்லூரில் நிலைமை தலைகீழாகியிருந்தது. ஒரு காலத்தில் தறி ஓடி வீடு பிழைத்தது. இப்போது மலாயாவிலிருந்து வரும் பணத்தில் பல வீடுகள் பிழைத்தன. மாதா மாதம் தபால்காரர் வரும் வழியைப் பார்த்திருப்பது அந்தத் தெருக்களின் பழக்கமாகியிருந்தது. பணம் வருகிற வீட்டில் தறியை யார் மிதிப்பார்கள்? மிதிக்காத தறியில் தூசி படியும், விழுது இற்றுப்போகும். மிச்சப் பாவு எலிக்கு இரையாகும். குழி ஒன்று வீட்டுக்குள் இருப்பது குழந்தைகளுக்கு ஆபத்து என்று தோன்றத் தொடங்கும்.

டிசம்பர் 8. ஜப்பானியர் கோத்தபாருவில் கரையிறங்கினார்கள். அதே இரவில் சிங்கப்பூர்மீது குண்டு விழுந்தது. சில நாள்களில் பினாங்கும் வானிலிருந்து தாக்கப்பட்டது. ஜார்ஜ் டவுன் தெருக்கள் எரிந்தன.

1942 பிப்ரவரி 15. சிங்கப்பூர் சரணடைந்தது.

அன்றைக்குத் தஞ்சோங் பகாரில் இருந்த ஒரு குடும்பத்தையும், அதே குடும்பத்தின் மறுபாதியாகக் கடையநல்லூரில் இருந்தவர்களையும் சேர்த்து நினைத்துப் பாருங்கள். இடையில் கடல். கப்பல் இல்லை. கடிதம் இல்லை. மணியார்டர் இல்லை. உயிரோடிருக்கிறார்களா என்பதற்கு ஒரு வரிகூட இல்லை. மூன்றரை ஆண்டு. 1945 செப்டம்பர்வரை.

சிங்கப்பூர்ப் பக்கத்தில் என்ன நடந்தது என்பதற்குச் சாட்சிகள் உண்டு. நாடு முழுக்க அரிசி போய் மரவள்ளி வந்தது, ஜப்பானிய நோட்டு காகிதமாயிற்று, பல ஆயிரம் தமிழர்கள் சயாம் ரயில் பாதைக்கு இழுத்துச் செல்லப்பட்டார்கள். அவற்றை அடுத்த வாரங்களில் விரிவாகப் பார்க்கத்தான் போகிறோம்.

என் மனம் நிற்பது இந்தக் கரையில். பணம் நின்றுவிட்ட கடையநல்லூர் வீடு. கையில் இருந்தது தீர்ந்தது, நகை அடகுக்குப் போயிற்று. ஒரு காலை, அந்த வீட்டின் பெரியவர் உள் அறையில் நெடுநாள் மூடிக் கிடந்த குழியின் பலகையை நகர்த்தி எட்டிப் பார்க்கிறார். கால் மிதியைத் தேடுகிறது. வெளியே மார்கழிப் பனி. பாவு காய வைக்க ஏற்ற காலம்.

தறியில் விழுது தொங்குகிறதா? அதில் ஓர் இழையாவது மிச்சம் இருந்ததா?

(அடுத்த வாரம்)